கீர்த்தனையை விட்டுக்கொடுக்காத கவிராயர், சாதியையும் விடாதவர்: யார் இந்தத் தஞ்சை வேதநாயக சாஸ்திரியார்?

டிசம்பர் பாதி தாண்டிவிட்டால் மேட்டுப்பாளையத்தில் ராத்திரி நேரம் மலைக்காற்று இறங்க ஆரம்பித்துவிடும். ஊட்டி ரோட்டை ஒட்டிய தெருக்களில் கேரல் ரவுண்ட்ஸ் சத்தம் கேட்கும். வேனில் ஒரு கீபோர்டு, பின்னால் சின்னப் பசங்க, சிவப்புத் தொப்பி போட்ட கிறிஸ்துமஸ் தாத்தா. முதல் பாட்டு மேற்கத்திய மெட்டில் போகும். அடுத்த வீட்டு வாசலில் யாராவது ஒரு பெரியவர் தபேலாவில் தாளம் எடுத்ததும் பாட்டு அப்படியே மாறும். கச்சேரி மேடையிலும், பழைய நாடகக் கொட்டகையிலும், கும்மிப் பாட்டிலும் கேட்ட மாதிரியான மெட்டு. வார்த்தை மட்டும் பெத்லகேமைப் பற்றியது.

இது எப்படி வந்தது? ஜெர்மனியிலிருந்தும் இங்கிலாந்திலிருந்தும் வந்த ஒரு மதத்தின் வழிபாட்டுக்குள் பல்லவி, அனுபல்லவி, சரணம் எப்படி நுழைந்தது? அதற்காகச் சண்டை போட்டு, வேலையையும் இழந்த ஒருவர் இருக்கிறார். அவர்தான் தஞ்சை வேதநாயக சாஸ்திரியார். 1774-ல் பிறந்து 1864-ல் மறைந்தவர். பாட்டுக்காக அவர் நடத்திய சண்டையைத் தமிழ்க் கிறிஸ்தவர்கள் இன்னும் பெருமையாகச் சொல்கிறார்கள். அதே காலத்தில் அவர் நடத்திய இன்னொரு சண்டையைப் பற்றி அவ்வளவாகப் பேசுவதில்லை. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் அந்த மனிதர் முழுதாகத் தெரிவார்.

முதலில், பாமாலைக்கும் கீர்த்தனைக்கும் என்ன வித்தியாசம்?

சி.எஸ்.ஐ., லுத்தரன் சபைகளுக்குப் போகிறவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். மற்றவர்களுக்காகச் சுருக்கமாக. பாமாலை என்பது ஐரோப்பியப் பாடல்களின் தமிழ் வடிவம். மெட்டு அப்படியே ஜெர்மனிக்காரருடையது அல்லது ஆங்கிலேயருடையது. ஆர்கன் வாசித்தால் பொருந்தும். கீர்த்தனை அப்படி இல்லை. தமிழிலேயே யோசித்து, ராகம் தாளத்தோடு கட்டியது. மிருதங்கம் இருந்தால் நல்லது, இல்லாவிட்டால் கைத்தாளம் போதும். ஒரே ஆராதனையில் இரண்டும் வரும். இன்றைக்கு இது சாதாரணம். 200 வருடங்களுக்கு முன்னால் இது பெரிய விவகாரம்.

விவகாரத்தின் வேர் இன்னும் பழையது. மத்திய கால ஐரோப்பாவில் திருப்பலி முழுக்க லத்தீனில்தான் நடந்தது. துறவிகளும் குருமாரும் ஒரே குரலில், தாளக்கட்டு இல்லாமல் நீட்டிப் பாடுவார்கள். அதைத்தான் கிரிகோரியன் இசை என்கிறோம். ஜனங்கள் பெரும்பாலும் கேட்டுக்கொண்டு நிற்பார்கள். ஆனால் அந்தக் காலத்திலேயே வழிபாடு நாடகமாகவும் மாறியது. ஜெர்மனியில் ரைன் நதிக்கரை மடத்தில் இருந்த ஹில்டகார்ட் (1098-1179) என்ற பெண் துறவி, நற்குணங்களைப் பாத்திரங்களாக்கி ஒரு இசை நாடகமே எழுதினார். பணிவு, அன்பு, பொறுமை எல்லாம் மேடையில் வந்து பாடும். ஒரு ஆன்மாவுக்காகச் சாத்தானோடு மோதும். அதில் சாத்தானுக்கு மட்டும் பாட்டே கிடையாது, வெறும் பேச்சுதான். இசை இல்லாதவன்தான் பிசாசு என்பது அதன் உட்பொருள்.

16-ஆம் நூற்றாண்டில் மார்ட்டின் லூதர் வந்து, ஜனங்கள் அவர்கள் மொழியிலேயே பாடட்டும் என்றார். தானே பாடலும் எழுதினார். அந்த லுத்தரன் மரபில் வந்த சீகன்பால்க் 1706-ல் தரங்கம்பாடியில் வந்து இறங்கினார். தமிழ் கற்றார், 1715-க்குள் தமிழில் புதிய ஏற்பாட்டை அச்சிட்டார். பாடல்களும் தமிழுக்கு வந்தன. ஆனால் வந்தது வார்த்தை மட்டும்தான், மெட்டு ஜெர்மனியிலேயே நின்றுவிட்டது. குறில் நெடில் பார்க்காமல் இழுத்துப் பாடும்போது தமிழ்ச் சொல் நொண்டியடித்தது. லூதரின் வேலை தமிழில் பாதிதான் நடந்திருந்தது. மீதிப் பாதியைச் செய்ய ஒரு தமிழ்க் கவிராயர் வேண்டியிருந்தது.

திருநெல்வேலிப் பையன்

வேதநாயகம் பிறந்தது 1774 செப்டம்பர் 7, திருநெல்வேலியில். வேளாளக் குடும்பம். அப்பா தேவசகாயம், கிறிஸ்தவராக மாறிய தமிழ்ப் புலவர், பின்னாளில் உபதேசியார். வீட்டில் ஒரு பக்கம் பைபிள், இன்னொரு பக்கம் தமிழ் இலக்கணம். பையனுக்கு இரண்டும் சேர்ந்தே வந்தது.

1785-ல் பாளையங்கோட்டைக்கு ஒரு முக்கியமான விருந்தாளி வந்தார். கிறிஸ்தியான் ஃப்ரெட்ரிக் ஷ்வார்ட்ஸ். அந்த ஊரில் குளோரிந்தா என்ற பெண் கட்டிய சின்னக் கோயிலைப் பிரதிஷ்டை செய்ய வந்தவர். ஷ்வார்ட்ஸ் அன்றைக்குச் சாதாரண ஆள் இல்லை. தஞ்சை மராத்திய அரசரும் கேட்பார், ஆங்கிலேய கம்பெனியும் கேட்கும், ஹைதர் அலியிடம் தூது போனவர். அவர் கண்ணில் இந்தப் பையன் பட்டான். அப்பாவிடம் கேட்டு, தன்னோடு தஞ்சாவூருக்கு அழைத்துப் போனார். பையனுக்கு அப்போது 11, 12 வயதுதான்.

தஞ்சாவூரில் ஷ்வார்ட்ஸ் பொறுப்பில் இன்னொரு பிள்ளையும் இருந்தான். மன்னர் துளஜாவின் தத்துப் பிள்ளை சரபோஜி. பட்டத்துக்கு உரியவன், ஆனால் சித்தப்பா முறையான அமர்சிங் அரியணையில். உயிருக்கே பயம். அந்தப் பிள்ளையைக் காப்பாற்றிப் படிக்க வைத்தவர் ஷ்வார்ட்ஸ். ஒரே குருவின் நிழலில் ஒரு இளவரசனும் ஒரு உபதேசியார் மகனும். இந்தப் பழக்கம் பின்னாளில் வேதநாயகத்தின் வயிற்றுப்பாட்டையே தீர்மானிக்கப் போகிறது.

கொஞ்ச காலம் தரங்கம்பாடியிலும் படித்தார். அங்கே இறையியலோடு வானவியல், கணிதம், உடற்கூறு என்று ஐரோப்பிய அறிவியலும் சொல்லிக்கொடுத்தார்கள். இதுவும் அவர் பாட்டில் பிறகு வெளிவரும். 20 வயது ஆவதற்குள் தஞ்சை மிஷன் பள்ளியில் ஆசிரியர் ஆகிவிட்டார். 1798-ல் ஷ்வார்ட்ஸ் இறந்தார். அதே வருடம் சரபோஜி அரசரானார். வேதநாயகத்துக்கு வயது 24.

அப்புறம் பெயரில் இருக்கும் சாஸ்திரி? அது சாதிப் பெயர் இல்லை. வேத சாஸ்திரம் கற்றவர் என்ற பொருளில் வந்த பட்டம். சுவிசேஷ கவிராயர் என்ற பட்டமும் அவருக்கு உண்டு. ஒரு சின்ன எச்சரிக்கை: 'பிரதாப முதலியார் சரித்திரம்' எழுதிய மாயூரம் வேதநாயகம் பிள்ளை (1826-1889) வேறு ஆள். அவர் கத்தோலிக்கர், முன்சீப் வேலை பார்த்தவர். இரண்டு பேரையும் குழப்பிக்கொள்பவர்கள் இன்றும் நிறைய.

தஞ்சாவூர் அப்போது எப்படி இருந்தது?

வேதநாயகம் எழுத ஆரம்பித்த காலத்தைக் கவனிக்க வேண்டும். தியாகராஜர் 1767-ல் பிறந்தவர், முத்துசுவாமி தீட்சிதர் 1776-ல். சியாமா சாஸ்திரிகளும் அங்கேயேதான். கர்னாடக இசை மும்மூர்த்திகள் பாடிக்கொண்டிருந்த அதே காவிரிக்கரை, அதே வருடங்கள். அரண்மனையில் சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு என்ற தஞ்சை நால்வர் பரதத்துக்குப் புது வடிவம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். சீர்காழி அருணாசலக் கவிராயரின் இராம நாடகக் கீர்த்தனைகள் ஊரெல்லாம் ஒலித்தன.

இன்னொரு சுவாரசியம். முத்துசுவாமி தீட்சிதர் ஆங்கிலேயர் பேண்ட் வாசிக்கும் மெட்டுகளைக் கேட்டு, அதற்கு சமஸ்கிருதத்தில் இந்துக் கடவுளர் மேல் பாட்டு எழுதினார். சுமார் 40 இருக்கும். நோட்டு ஸ்வரம் என்று இன்றைக்கும் பாட்டு வகுப்பில் குழந்தைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறார்கள். அதாவது, ஒருவர் மேற்கத்திய மெட்டுக்கு இந்து வார்த்தை போடுகிறார். இன்னொருவர் கிறிஸ்தவ வார்த்தைக்கு நம்ம ஊர் மெட்டு போடுகிறார். இசைக்கு வேலி கட்ட அந்தக் காலத்துக் கலைஞர்கள் யாரும் மெனக்கெடவில்லை. வேலி கட்ட வந்தவர்கள் வேறு ஆட்கள்.

பெத்லகேம் குறவஞ்சி: குறி சொல்ல வந்த விசுவாசம்

அவருடைய பெயர் நிற்பது 'பெத்லகேம் குறவஞ்சி'யால். 1800-ஐ ஒட்டி எழுதியது.

குறவஞ்சி என்றால் என்ன என்று கொங்கு நாட்டுக்காரர்களுக்கு நீட்டிச் சொல்ல வேண்டியதில்லை. வள்ளிக்கும்மி பார்த்தவர்களுக்குக் குறப்பெண் கதையின் சுவை தெரியும். குறவஞ்சி நாடகத்தில் கதை இப்படிப் போகும். உலா வரும் தலைவனைப் பார்த்து நாயகி காதல் கொள்வாள். ஏங்கிப் போய் நிற்கும்போது ஒரு மலைக்குறத்தி வருவாள். தன் மலையின் பெருமை, தான் சுற்றிய ஊர்களின் பெருமை எல்லாம் பாடிவிட்டு, கை பார்த்துக் குறி சொல்வாள். பிறகு அவளுடைய புருஷன் சிங்கன், பறவை பிடிக்க வலை போட்டுக்கொண்டே அவளைத் தேடி வருவான். திரிகூடராசப்பக் கவிராயரின் திருக்குற்றாலக் குறவஞ்சி இதில் பெயர்பெற்றது. சரபோஜி மேலேயே ஒரு குறவஞ்சி உண்டு. கொட்டையூர் சிவக்கொழுந்து தேசிகர் எழுதிய 'சரபேந்திர பூபாலக் குறவஞ்சி', பெரிய கோயிலில் ஆடப்பட்டது.

வேதநாயகம் இந்தச் சட்டகத்தை அப்படியே எடுத்துக்கொண்டார். தலைவன் பெத்லகேம் நாதர். நாயகி தேவமோகினி, சீயோனின் மகள், அதாவது சபை. குறி சொல்ல வரும் குறத்தி வேறு யாருமில்லை, விசுவாசம். சிங்கன் சுவிசேஷம் சொல்லும் ஊழியக்காரன். அவன் விரிக்கும் வலையில் சிக்குவது பறவை இல்லை, மனித ஆன்மா.

ஹில்டகார்ட் நாடகத்தில் நற்குணங்கள் மேடை ஏறியது நினைவுக்கு வருகிறதா? வேதநாயகத்துக்கு அவரைத் தெரிந்திருக்கும் என்று சொல்ல எந்த முகாந்திரமும் இல்லை. ஆனாலும் 650 வருட இடைவெளியில் இரண்டு பேரும் ஒரே வேலையைச் செய்திருக்கிறார்கள். கண்ணுக்குத் தெரியாத நம்பிக்கையை, பாடி ஆடும் ஒரு ஆளாக ஜனங்கள் முன்னால் நிறுத்தினார்கள். ஒன்று மடத்துக்குள் நடந்தது, இன்னொன்று தஞ்சாவூர்த் தெருவுக்கு வந்தது. அதுதான் வித்தியாசம்.

இந்தக் குறவஞ்சியில் இன்னொரு ஆச்சரியம், அறிவியல். குறத்தி ஊர் ஊராகச் சுற்றியவள் என்பதால் அவள் வாயில் உலக பூகோளத்தையே வைத்துவிட்டார். சூரியன் நடுவில், பூமி அதைச் சுற்றுகிறது என்ற கோப்பர்நிக்கஸ் கணக்கும் தமிழ்ப் பாட்டாக வருகிறது. தரங்கம்பாடியில் படித்த வானவியல் வேலை செய்த இடம் இது. சரபோஜியும் இதே யோசனையில் இருந்தவர். அவர் பேரில் உள்ள மராத்தி 'தேவேந்திரக் குறவஞ்சி'யில் குறத்தி உலக நாடுகளைப் பட்டியல் போட்டுப் பாடம் நடத்துகிறாள். கவிஞரும் அரசரும் குறத்தியை பூகோள டீச்சர் ஆக்கிவிட்டார்கள் என்றே சொல்லலாம்.

வயலில் பாடியது, வீட்டில் பாடியது

அவர் எழுதியது குறவஞ்சி மட்டும் இல்லை. 'ஞான ஏற்றப்பாட்டு' உண்டு. கிணற்றில் ஏற்றம் இறைக்கும்போது மூச்சு வாங்காமல் இருக்கப் பாடும் பாட்டு வகை அது. கொங்குப் பக்கம் கவலை ஓட்டித் தண்ணி இறைத்த தலைமுறை இன்னும் சில பேர் இருக்கிறார்கள். மாடு முன்னும் பின்னும் போகிற தாளத்துக்குப் பாட்டு எப்படி ஒட்டிக்கொள்ளும் என்று அவர்களைக் கேட்டால் தெரியும். அந்த வேலைத் தாளத்தில் ஞானத்தை ஏற்றினார் சாஸ்திரியார்.

நோவா பேழை கட்டிய கதையை 'ஞானத் தச்ச நாடகம்' ஆக்கினார். பெண்கள் கைதட்டிச் சுற்றிவரும் கும்மியை எடுத்து 'சாஸ்திரக் கும்மி' எழுதினார். சகுனம், நாள் நட்சத்திரம், குறி என்று மக்களிடம் இருந்த மூடப்பழக்கங்களை அதில் வரிசையாகக் கிண்டல் செய்தார். குறி பார்ப்பதைக் கிண்டல் செய்தவர்தான் குறவஞ்சியும் எழுதினார் என்பது ஒரு தமாஷ். அவருக்கு வடிவம் வேண்டும், அதிலுள்ள நம்பிக்கை வேண்டாம்.

'ஜெபமாலை' அவருடைய இன்னொரு பெரிய தொகுப்பு. இவற்றை எழுதியதோடு நிற்காமல், குழுவோடு உட்கார்ந்து பாடி, நடுநடுவே கதை சொல்லி, கேட்பவர்களைச் சிரிக்கவும் அழவும் வைத்தார். ஹரிகதை மாதிரி. கிறிஸ்தவக் கதாகாலட்சேபத்துக்கு அதுதான் ஆரம்பம்.

சரபோஜி அவரைப் பெரிய கோயில் சிவன் மேல் பாடச் சொன்னதாகவும், அவர் மறுத்துவிட்டதாகவும் ஒரு கதை சாஸ்திரியார் குடும்ப மரபில் சொல்லப்படுகிறது. அரசரும் கோபப்படவில்லையாம். உண்மை எவ்வளவோ, ஆனால் அந்த இருவரின் உறவு எப்படிப்பட்டது என்று ஜனங்கள் புரிந்துகொண்டார்கள் என்பதை அந்தக் கதை காட்டுகிறது.

1820-கள்: சண்டை ஆரம்பிக்கிறது

ஷ்வார்ட்ஸ் தலைமுறை மிஷனரிகளுக்குத் தமிழ்ப் பழக்கவழக்கம் பெரிய உறுத்தலாக இல்லை. அடுத்த தலைமுறை அப்படி இல்லை. 1820-களில் லுத்தரன்கள் நடத்திய தஞ்சை மிஷன் மெல்ல மெல்ல ஆங்கிலிக்கன் கைக்குப் போனது. வழிபாட்டு முறையும் மாறியது. புதிதாக வந்த இளம் மிஷனரிகள் எல்லாவற்றையும் சுத்தம் செய்யக் கிளம்பினார்கள்.

வேதநாயகமும் அவர் பக்கம் நின்றவர்களும் இதை எதிர்த்து மனு மேல் மனு எழுதினார்கள். புதிய மிஷனரிகள் செய்யும் கொடுமைகள் என்று அவர்கள் வரிசைப்படுத்தியது நான்கு.

ஒன்று, பைபிள் மொழிபெயர்ப்பை மாற்றுவது. ஃபப்ரிஷியஸ் மொழிபெயர்த்த தமிழ் வேதத்தை மனப்பாடம் செய்து வளர்ந்தவர்கள் அவர்கள். அதைத் திருநெல்வேலியில் இருந்த ரேனியஸ் திருத்தி எளிமையாக்க ஆரம்பித்தார். பழகிய வேத வசனத்தில் கை வைப்பதை அவர்களால் தாங்க முடியவில்லை.

இரண்டு, சபையில் சாதிகளை ஒன்றாகக் கலக்கச் சொல்லி வற்புறுத்துவது.

மூன்று, பண்டிகைகளில் பூ வைக்கக் கூடாது என்று தடுப்பது. மல்லிகையும் மாலையும் இல்லாத நல்ல நாளை ஒரு தமிழ் வீட்டில் யோசித்துப் பாருங்கள்.

நான்கு, தமிழ்க் கீர்த்தனைகளையும் இசையையும் சபையிலிருந்து எடுப்பது. ராகம் தாளம் என்றாலே கோயிலும் சதிரும்தான் அந்த மிஷனரிகளுக்கு நினைவுக்கு வந்தது. வாழ்நாள் முழுக்க எழுதியதை எடுத்து ஓரம் வை என்று அவரிடம் சொன்ன மாதிரி.

இந்தப் பட்டியலைப் படிக்கும்போது ஒரு நெருடல் வரும். ஒன்று, மூன்று, நான்கு படிக்கும்போது சாஸ்திரியார் பக்கம் மனசு சாய்கிறது. ஒரு மக்களின் மொழி, பூ, பாட்டு மேல் வெளியிலிருந்து வந்தவர் கை வைக்கக் கூடாதுதான். ஆனால் இரண்டாவது?

அந்த இரண்டாவது விஷயம்

அன்றைய தஞ்சை சபையில் வேளாளர் ஒரு பக்கம், பறையர் மறுபக்கம் உட்கார்ந்தார்கள். திருவிருந்தில் யார் முதலில் என்பதிலும் சாதி இருந்தது. இதை உடைக்க வேண்டும் என்றார்கள் புதிய மிஷனரிகள். சாஸ்திரியார் மறுத்தார். சாதி ஆசாரத்தை ஆதரித்துத் தனியாக எழுதவும் செய்தார். அவருடைய வாதம், சாதி என்பது மத விஷயம் இல்லை, நாட்டு வழக்கம், உடை உணவு மாதிரி. ஐரோப்பாவில் பிரபுவும் கூலிக்காரனும் ஒன்றாகவா உட்காருகிறார்கள் என்ற தொனியிலும் அந்தப் பக்கத்து வாதங்கள் போயின. பூவையும் பாட்டையும் சாதியையும் ஒரே கூடையில் போட்டு, எல்லாமே தமிழர் வழக்கம்தான் என்றார்கள்.

இங்கேதான் பிரச்சினை. பூவை எடுத்தால் எல்லோருக்கும் நஷ்டம். சாதியை எடுத்தால் நஷ்டம் மேலே இருப்பவருக்கு மட்டும். கோயிலுக்குள் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு அந்த வழக்கம் அலங்காரம் இல்லை, பாரம். மனு எழுதியவர்களின் கணக்கில் அவர்கள் குரல் வரவே இல்லை.

அவருடைய குறவஞ்சியையே வைத்து இதைப் பார்க்கலாம். அதில் சீயோன் மகளுக்கு வழி சொல்வது யார்? ஊர் ஊராக அலையும் குறத்தி. சமூகம் ஓரத்தில் வைத்தவள். விசுவாசம் என்ற பெயரை அவளுக்குத்தான் கவிஞர் கொடுத்தார். நாயகி அவளை உட்கார வைத்து, கையை நீட்டி, அவள் வார்த்தையைக் கேட்கிறாள். மேடையில் அவ்வளவு தூரம் போன கவிஞர், தேவாலயத்துப் பாயில் ஒரு முழம்கூட நகரவில்லை.

1826-ல் கல்கத்தா பிஷப் ரெஜினால்டு ஹீபர் தஞ்சைக்கு வந்தார். விவகாரத்தை நிதானமாகக் கேட்டார், கொஞ்சம் விட்டுக்கொடுக்கும் மனநிலையில் இருந்தார். ஆனால் அங்கிருந்து திருச்சிக்குப் போனவர் ஏப்ரல் 3-ஆம் தேதி குளிக்கப் போன இடத்தில் இறந்துபோனார். அடுத்து வந்தவர்களில் டேனியல் வில்சன் அப்படி இல்லை. சபைக்குள் சாதி கூடாது என்று 1833-ல் கறாராக உத்தரவு போட்டார். தஞ்சையில் பல வேளாளக் குடும்பங்கள் சபையை விட்டு விலகின.

வேலை போனது, அரண்மனை கை கொடுத்தது

இதற்கு முன்பே, 1820-களின் கடைசியில் சாஸ்திரியாருக்கு மிஷன் வேலை போய்விட்டது. 50 வயது தாண்டிய ஆள், குடும்பம் இருக்கிறது. அப்போது கை கொடுத்தவர் சரபோஜி. அரண்மனைக் கவிராயராக வைத்துக்கொண்டார். ஒரு இந்து அரசர், தேவாலயத்திலிருந்து வெளியே வந்த கிறிஸ்தவக் கவிஞருக்கு, கிறிஸ்தவப் பாட்டு எழுதவே சோறு போட்டார். குரு ஷ்வார்ட்ஸுக்குச் செய்யும் மரியாதையாகவும் அது இருந்திருக்கலாம். தஞ்சைக் கோட்டைக்குள் இருக்கும் ஷ்வார்ட்ஸ் தேவாலயத்துக்குப் போனால், சரபோஜி லண்டன் சிற்பி ஃபிளாக்ஸ்மனிடம் சொல்லிச் செய்த பளிங்குச் சிற்பம் இருக்கிறது. சாகக் கிடக்கும் ஷ்வார்ட்ஸின் கையைப் பிடித்தபடி அரசர் நிற்பார்.

1832-ல் சரபோஜி இறந்தார். மகன் சிவாஜி காலத்தோடு 1855-ல் தஞ்சை அரசே முடிந்தது. கம்பெனிக்காரர்கள் எடுத்துக்கொண்டார்கள். ஆதரித்த அரசும் போனது, பழைய மிஷனும் போனது. சாஸ்திரியார் பாடிக்கொண்டே இருந்தார். 1864 ஜனவரி 24, தஞ்சாவூரில் காலமானார். வயது 89.

பாட்டு எப்படிக் கொங்கு வரை வந்தது?

ஒரு திருப்பம் அவர் உயிரோடு இருக்கும்போதே நடந்தது. மதுரையில் வேலை பார்த்த அமெரிக்க மிஷனரி எட்வர்ட் வெப், ஜனங்கள் எந்தப் பாட்டை மனசாரப் பாடுகிறார்கள் என்று கவனித்தார். பாமாலை இல்லை, கீர்த்தனைதான். அவர் 1853-ல் தமிழ்க் கிறிஸ்தவக் கீர்த்தனைகளைத் தொகுத்து அச்சிட்டார். சாஸ்திரியார் பாடல்களுக்கு அதில் முக்கிய இடம். ஒரு தலைமுறை மிஷனரிகள் வெளியே போட்டதை அடுத்த தலைமுறை மிஷனரி ஒருவரே புத்தகமாக்கி உள்ளே கொண்டுவந்தார். தன் 79-வது வயதில் கவிராயர் இதைப் பார்த்தார்.

அப்புறம் பாட்டு மிஷன் எல்லைகளைத் தாண்டிப் போனது. கோயம்புத்தூரில் லண்டன் மிஷன் 1830-லேயே ஆரம்பித்துவிட்டது. சாஸ்திரியாரின் தஞ்சைக்கும் அந்த மிஷனுக்கும் நேரடி சம்பந்தம் இல்லை, சபைப் பிரிவும் வேறு. ஆனால் அச்சிட்ட கீர்த்தனைக்கு எந்த மிஷன் என்பது ஒரு பொருட்டே இல்லை. 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஈரோட்டில் இருந்த லண்டன் மிஷன் ஊழியர் ஹெர்பர்ட் பாப்லி கர்னாடக இசையையே முறையாகக் கற்றார். காலட்சேப பாணியை ஊர் ஊராகக் கொண்டுபோனார். 1921-ல் இந்திய இசை பற்றி ஆங்கிலத்தில் புத்தகமும் எழுதினார். நூறு வருடங்களுக்கு முன்பு தஞ்சை மிஷனரிகள் சபையை விட்டு விரட்டப் பார்த்த இசை, ஈரோட்டில் ஒரு வெள்ளைக்கார மிஷனரி வாயிலிருந்தே வந்தது.

தஞ்சாவூரிலும் அந்த வேர் காயவில்லை. சாஸ்திரியார் வம்சத்தினர் தலைமுறை தலைமுறையாக அவர் பாடல்களைப் பாடிவருகிறார்கள். அதே ஊரிலிருந்துதான் ஆபிரகாம் பண்டிதர் 1917-ல் 'கருணாமிர்த சாகரம்' என்ற பெரிய இசை ஆராய்ச்சி நூலைக் கொடுத்தார்.

அப்ப அவரை எப்படி நினைவில் வைப்பது?

சாஸ்திரியார் கேட்டதில் ஒரு பாதி கிடைத்தது. கீர்த்தனை ஜெயித்தது. பூவும் திரும்ப வந்துவிட்டது. இன்றைக்கு தேவாலயத்துக் கல்யாணங்களைப் பார்த்தாலே தெரியும். மறுபாதியில் அவர் தோற்றார், தோற்றதுதான் நல்லது. ஆனால் உத்தரவு போட்டதோடு சாதி போய்விடவில்லை. சில ஊர்களில் தனிக் கல்லறை, தனி வரிசை என்ற புகார்கள் இந்த நூற்றாண்டிலும் செய்தியாக வருகின்றன. அவர் கையெழுத்துப் போட்ட அந்த இரண்டாவது கோரிக்கை இன்னும் முழுசாகத் தள்ளுபடி ஆகவில்லை.

பெரியவர்களைப் பற்றி எழுதும்போது ஒரு பக்கத்தை மட்டும் எடுத்துக்கொள்வது சுலபம். சபை வரலாறுகள் பாட்டை எடுத்துக்கொண்டன. சாதி ஆராய்ச்சிகள் மனுவை எடுத்துக்கொண்டன. இரண்டையும் எழுதியது ஒரே கை.

மேட்டுப்பாளையத்து கேரல் ரவுண்ட்ஸில் அந்தப் பெரியவர் தபேலாவில் தட்ட ஆரம்பித்ததும், வேனைச் சுற்றி நிற்கிற எல்லாப் பிள்ளைகளும் ஒரே தாளத்தில் கைதட்டும். யார் முன் வரிசை, யார் பின் வரிசை என்று அங்கே யாரும் கேட்பதில்லை. மெட்டு சாஸ்திரியார் மரபில் வந்தது. அப்படிக் கலந்து நிற்பது அவர் விரும்பாதது. அவர் பாட்டு அவரைவிடக் கொஞ்ச தூரம் கூடுதலாக நடந்து வந்திருக்கிறது.